வலப்பக்கப் பூ

எங்கள் ஊர் எல்லம்மனை இரண்டு முறை ஏமாற்றியவர் என்று பெயர் எடுத்தவர் ஒருவர்தான். அவர் என் தாய்மாமா. மூன்றாம் முறை அவரையே ஏமாற்றியவள் நான். எட்டு வயதில் செய்த அந்தக் காரியத்துக்காக வெகுநாள் பெருமைப்பட்டுக்கொண்டு திரிந்தேன் என்பதைச் சொல்ல இப்போது வெட்கமாகத்தான் இருக்கிறது.

கெலமங்கலத்திலிருந்து மூன்று மைல் உள்ளே தள்ளி எங்கள் ஊர். ஓசூரில் தொழிற்சாலை வரும் என்று யாராவது சொல்லியிருந்தால் சிரித்திருப்போம், அந்தக் காலம். சேலம் ஜில்லாவின் வடக்கு மூலை. காட்டில் ராகியும் அவரையும் விளையும், கிணறு உள்ளவர்கள் சாமந்தி போடுவார்கள். எங்களுக்குக் கிணறு இருந்தது. சாமந்தியை வண்டியில் ஏற்றி ஓசூருக்குக் கொண்டுபோய் விற்பது மாமாவின் வேலை. அவர் அம்மாவின் கடைசித் தம்பி. பெற்றவர்கள் சீக்கிரமே போய்விட்டதால் எங்கள் வீட்டிலேயே வளர்ந்தவர். "எனக்குச் சீரா வந்தது ஒரு பசுவும் ஒரு மச்சானும். பசுவாவது பால் குடுத்துச்சு" என்று அப்பா கேலி செய்வார். மாமாவும் சேர்ந்து சிரிப்பார்.

எங்கள் பக்கத்தில் அக்காள் மகளைக் கட்டிக்கொள்ளும் உரிமை தாய்மாமனுக்குத்தான் முதலில். அதனால் என் அக்கா பிறந்த அன்றே அவளுக்கு மாப்பிள்ளை இன்னார் என்று ஊருக்கே தெரியும். ஒரே ஒரு சடங்குதான் பாக்கி. பெண் பெரியவளானதும் எல்லம்மனிடம் பூ கேட்க வேண்டும். நனைத்த சாமந்தி இரண்டை எடுத்து, மாப்பிள்ளையே தன் கையால் அம்மன் சிலையின் இரண்டு தோளிலும் ஒவ்வொன்றாக வைத்து அழுத்துவார். எல்லோரும் கைகூப்பிக் காத்திருப்பார்கள். வலப்பக்கப் பூ முதலில் விழுந்தால் அம்மன் சம்மதித்தாள், அந்த வருஷமே கல்யாணம். இடப்பக்கப் பூ விழுந்தால் ஒரு வருஷம் பொறுத்து மறுபடி கேட்க வேண்டும்.

அக்காவுக்கு இரண்டு வருஷமாக இடப்பக்கப் பூவே விழுந்துகொண்டிருந்தது.

இடையில் அவள் படித்துக்கொண்டிருந்தாள். பெரியவளானதும் பள்ளிக்கூடத்தை விட்டு நிறுத்தத்தான் இருந்தார்கள். மாமாதான் குறுக்கே விழுந்தார். "கட்டிக்கப் போறவன் நானு. எனக்குக் கடுதாசி படிக்கத் தெரிஞ்ச பொண்டாட்டிதான் வேணும்" என்றார். அவருக்கு யாரும் கடிதம் போட்டதே இல்லை. ஆனாலும் கட்டிக்கப் போகிறவன் பேச்சுக்கு எங்கள் ஊரில் ஒரு மதிப்பு உண்டு. அக்கா கெலமங்கலத்துக்கு நடந்து போய்வந்து எட்டாம் வகுப்பு வரை வந்துவிட்டாள்.

அந்தப் புத்தகமும் மாமா கொண்டுவந்ததுதான். ஓசூர்ச் சந்தையில் சாக்கு விரித்துப் பழைய புத்தகம் போட்டிருந்தவனிடம் வாங்கிவந்தார். மாமாவுக்குத் தமிழில் ஓர் எழுத்தும் தெரியாது. பூ வியாபாரத்துக்கு வேண்டிய கன்னடம் வாயளவில் வரும், அவ்வளவுதான். படத்தைப் பார்த்து வாங்கியிருக்கிறார். எருமைமேல் உட்கார்ந்து ஒரு பையன் படித்துக்கொண்டிருக்கும் படம். அதை அக்காவின் பக்கமாகப் போட்டுவிட்டு, "எரும படம் போட்டிருக்குது. உனக்குப் பொருத்தமா இருக்கும்" என்றார். அக்கா நல்ல கறுப்பு. எனக்கு ஆத்திரம் ஆத்திரமாக வந்தது.

வறுமையில் பிறந்து பெரிய ஆளானவர்களின் கதைகள் அவை. முதல் பக்கத்தில் சோறு இருக்காது, கடைசிப் பக்கத்தில் மாலை விழும். அந்த மாதிரிப் புத்தகங்கள் பிற்பாடு எத்தனையோ படித்துவிட்டேன், எல்லாம் ஒரே அச்சு. ஆனால் முதன்முதலாகக் கேட்டவளுக்கு அது தெரியுமா? காலையில் அக்காவும் நானும் எதிரெதிரே உட்கார்ந்து கல்லில் ராகி திரிப்போம். ஒரே கைப்பிடியை இரண்டு பேரும் பிடித்துச் சுற்ற வேண்டும். புத்தகத்தை எதிர்ச் சுவரில் சாய்த்து வைத்துவிட்டு, கல் சுற்றும் வேகத்துக்கு அவள் உரக்கப் படிப்பாள். பக்கம் புரட்டுவது என் வேலை. படகோட்டியின் மகன் கப்பலுக்குக் கேப்டன் ஆனான். பனி பெய்யும் ஏதோ ஒரு தேசத்தில் தையற்காரர் மகள் டாக்டர் ஆனாள். அந்தக் கதை வரும்போது மட்டும் கல் நின்றுவிடும்.

அதற்குக் காரணம் இருந்தது. எங்கள் சின்ன அத்தையைப் பிரசவத்துக்காகக் கட்டிலில் போட்டுத் தூக்கிக்கொண்டு ஓசூர் போனார்கள். பாதி வழியில் அத்தையின் உயிர் போய்விட, அப்படியே திரும்பி வந்தார்கள். அக்கா அந்தக் கட்டிலோடு பாதி தூரம் ஓடியவள். டாக்டர் ஆவேன் என்றெல்லாம் அவள் சொல்லவில்லை. "நர்சாவது ஆவணும்டி" என்று என்னிடம் மட்டும் சொன்னாள். அதற்குக் கிருஷ்ணகிரிக்குப் போய்ப் பதினொன்றாவது வரை முடிக்க வேண்டும் என்று வாத்தியார் சொல்லியிருந்தார். அந்தப் பக்கத்தில் பதினொன்றாவது முடித்த பெண்ணை நாங்கள் கண்ணால் பார்த்ததில்லை.

நான் மாமாவை வெறுத்ததற்கு வருகிறேன். இரண்டாம் வருஷம் பூ கேட்டபோது எனக்கு ஏழு வயது. அன்று காலை மாமா களி தின்று முடித்து, ஒரு சிட்டிகைக் களியை வெற்றிலையில் மடித்து இடுப்பில் செருகிக்கொண்டதைப் பார்த்தேன். எங்கள் வீட்டில் புத்தகத்துக்கு அட்டை ஒட்டுவதுகூடக் களியால்தான், காய்ந்தால் பிடித்துக்கொண்டு விடாது. கோயிலுக்குப் பின்னால் போய், ஒரு பூவின் அடியில் அந்தக் களியை அவர் தடவியதையும் பார்த்தேன். அந்தப் பூ அம்மனின் வலது தோளுக்குப் போனது. சாயங்காலம்வரை அது அசையவில்லை.

எனக்கு எல்லாம் விளங்கிவிட்டது என்று நினைத்தேன். மாமாவுக்கு என் அக்காவைப் பிடிக்கவில்லை. வீட்டில் அவளோடு அவர் நின்று பேசியதே இல்லை, அவள் வந்தால் எழுந்து மாட்டுக்கொட்டகைக்குப் போய்விடுவார். தளி ஊரில் சாமந்தி நாற்று விற்கும் வீட்டில் ஒரு சிவத்த பெண் இருந்தாள். அவளிடம் மட்டும் கன்னடத்தில் என்ன சிரிப்பு! வேறு சாட்சி எதற்கு? என் அக்காவை வேண்டாம் என்று சொல்ல இவர் யார் என்று கருவிக்கொண்டே ஒரு வருஷத்தைக் கழித்தேன்.

மூன்றாம் வருஷம் பங்குனித் திருவிழா. அக்காவுக்கு எட்டாம் வகுப்புப் பரீட்சைக்கு ஒரு மாதம்தான் இருந்தது. பூ வலப்பக்கம் விழுந்தால் வைகாசியில் கல்யாணம், இடப்பக்கம் விழுந்தால் மேலே ஒரு வருஷம் படிக்கலாம். இது அக்காவுக்குத் தெரியும், மாமாவுக்கும் தெரியும். எனக்குத் தெரியாது. எனக்குத் தெரிந்ததெல்லாம் என் அக்காவை மூன்றாம் முறையாக ஊர் நடுவில் ஒருவர் தட்டிக்கழிக்கப் போகிறார் என்பதுதான்.

பூத்தட்டைத் தூக்கி வருவது பெண்ணின் தங்கைக்கு உரிய வேலை. கோயில் கிணற்றடியிலிருந்து படி வரைக்கும் தட்டு என் கையில். கூட்டம் உடுக்கைச் சத்தத்தில் முன்னால் நடந்தது. நான் ஒரு பூவைத் திருப்பிப் பார்த்தேன், களி இல்லை. மற்றதைத் திருப்பினேன், இருந்தது. பாவாடை நுனியால் அழுந்தத் துடைத்தேன். இரண்டையும் மறுபடி நன்றாகத் தண்ணீரில் முக்கி வைத்தேன். அவ்வளவுதான் வேலை.

மாமா வலது தோளில் பூவை அழுத்தினார். கையை எடுத்தார், மறுபடி அழுத்தினார். பிறகு திரும்பி என்னைப் பார்த்தார். நானும் அவரைப் பார்த்தேன். இவ்வளவு பேர் நடுவில் அவரால் செய்யக்கூடியது ஒன்றும் இல்லை. இடது பூவையும் வைத்துவிட்டு இறங்கிவந்தார்.

அம்மனுக்கும் இரண்டு வருஷமாகச் சொல்ல முடியாத பேச்சு பாக்கி இருந்தது போலிருக்கிறது. பூசாரி கற்பூரத்தைக் கொளுத்தி முடிக்குமுன் வலப்பக்கப் பூ பொத்தென்று விழுந்தது.

பெண்கள் குலவை போட்டார்கள். அப்பா, "வைகாசியில வெச்சிக்கலாம்" என்று எல்லோருக்கும் கேட்கும்படி சொன்னார். நான் அக்காவைத் தேடினேன். தூணைப் பிடித்துக்கொண்டிருந்தவள் அப்படியே சரிந்து உட்கார்ந்துவிட்டாள். "வெக்கத்தப் பாரு" என்று யாரோ சிரித்தார்கள். அது வெட்கம் இல்லை என்று எனக்குத் தெரிந்தது. தோட்டத்தில் ஒரு தரம் என் தம்பி கிணற்றில் விழுந்தபோது அம்மாவின் முகம் அப்படி இருந்தது. நான் ஏதோ தப்புச் செய்துவிட்டேன் என்று புரிந்தது, என்ன தப்பு என்றுதான் தெரியவில்லை.

அப்போதுதான் மாமா அம்மன் முன்னால் நெடுஞ்சாண்கிடையாக விழுந்தார். கும்பிடுகிறார் என்று நினைத்தார்கள். எழவே இல்லை. மண்ணில் முகம் வைத்தபடியே சொன்னார்: "போன ரெண்டு தபாவும் வலப்பக்கப் பூவுல நாந்தான் களி வெச்சன்."

உடுக்கை நின்றது. அம்மா ஓடிப்போய் அவர் முதுகில் அறைந்தாள். "அடப்பாவி! ஆத்தாளயே ஏமாத்தினியாடா? என் பொண்ணு உனக்கு என்னாடா கொற?" என்று அழுதாள். நான் பாவாடை நுனியைச் சுருட்டிப் பிடித்துக்கொண்டேன். இந்த வருஷம் களியைத் துடைத்தவள் யார் என்று சொல்லிவிடுவாரோ? அவர் சொல்லவில்லை. இந்த வருஷக் களியைப் பற்றியே மூச்சு விடவில்லை.

பூசாரி வயசாளி. யோசித்துவிட்டு, "ஒரு வருசம் நெய்வௌக்குப் போடு. அதுவரைக்கும் உனக்கு நல்ல காரியம் ஆவாது" என்றார்.

மாமா தலையைத் தூக்கினார். "ஒரு வருசம் பத்தாதுண்ணா. செஞ்ச பாவம் பெருசு. மூணு வருசம் போடறன். தாடி எடுக்க மாட்டன்" என்றார்.

திருடனே தண்டனையைக் கூட்டிக் கேட்டதை எங்கள் ஊர் அதற்குமுன் கண்டதில்லை. கூட்டத்தில் இரண்டு பேர் கண்ணைக்கூடத் துடைத்துக்கொண்டார்கள். அப்பாவுக்கு மட்டும் ஆறவில்லை. "இவன உட்டுட்டு வெளிய மாப்ள பாக்கறன்" என்றார். பூசாரி தலையாட்டினார். "பூ உழுந்துபோச்சு. இனி அவ இவனுக்குத்தான். வேற கைக்கு மாத்தக் கூடாது."

"அப்ப மூணு வருசம் எம்பொண்ணு சும்மா கெடக்கறதா?" என்று அம்மா தலையில் அடித்துக்கொண்டாள்.

மாமா முகத்து மண்ணைத் துடைத்தபடி, யாருக்கோ சொல்வதுபோலச் சொன்னார்: "சும்மா எதுக்குக் கெடக்கணும்? படிச்சிக்கினு கெடக்கட்டும்."

"என்னமோ பண்ணித் தொலைங்க" என்று அப்பா துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு கிளம்பிவிட்டார்.

அன்று சாயங்காலம் கால் கழுவிக்கொண்டிருந்த மாமா என்னைக் கூப்பிட்டார். "ஏ குட்டி, பாவாடையில என்னா களி?" என்று கேட்டார். "சாப்புடறப்ப சிந்திடுச்சு" என்றேன். "ம். சிந்தாம சாப்புடு" என்றார். அதற்குப் பிறகு அவர் சாகும்வரை அந்தப் பேச்சை எடுத்ததில்லை. மறுநாள் காலையில் அக்கா கல்லைச் சுற்றிய வேகத்துக்கு என்னால் ஈடுகொடுக்க முடியவில்லை. கோபம் என்று நினைத்து வாயை மூடிக்கொண்டிருந்தேன்.

ஆனியில் அக்கா கிருஷ்ணகிரி போனாள். அங்கே பெரிய அத்தை வீட்டில் தங்கிப் படிப்பு. சும்மா இல்லை, எட்டுப் பேருக்குச் சமைத்து, தண்ணீர் சேந்தி, சாணி அள்ளிவிட்டுத்தான் பள்ளிக்கூடம் போக வேண்டும். வகுப்பு நிறையப் பையன்கள், பெண்கள் நான்கு பேர். இவள் பேசினால் அவர்கள் சிரிப்பார்கள். இங்கிலீஷ் அவளுக்கு வாயில் நுழையவே இல்லை, முதல் பரீட்சையில் தோற்றாள். அதற்காக அழுததாகத் தெரியவில்லை. தோற்ற மறுநாள் அடுப்புக்கரியை எடுத்து அத்தை வீட்டு மாட்டுக்கொட்டகைச் சுவரில் இங்கிலீஷ் வார்த்தைகளை எழுத ஆரம்பித்தாள். சாணி அள்ளும்போது ஒரு பக்கம், பால் கறக்கும்போது ஒரு பக்கம். மாடு கட்டிய இடத்தையெல்லாம் பாடம் ஆக்கிக்கொண்ட அந்தப் பிடிவாதத்தை இன்றைக்கு நினைத்தாலும் எனக்கு உடம்பு சிலிர்க்கிறது. எந்தப் புத்தகத்திலும் அவளைவிடப் பெரிய ஆளை நான் படித்ததில்லை.

சுவர் முழுக்கக் கரி என்று அத்தை சொல்லி அனுப்பினாள். மாமா சுண்ணாம்பு ஏற்றிக்கொண்டு போனார், துணைக்கு நானும் போனேன். மட்டையை நனைத்துக்கொண்டு அக்காவைப் பார்க்காமலே, "எல்லாம் படிச்சாச்சா?" என்று கேட்டார். "ஆச்சு மாமா" என்றாள். ஒரு எழுத்து விடாமல் வெள்ளையடித்து அழித்தார். நான் பல்லைக் கடித்துக்கொண்டு பார்த்தேன். இரண்டு மாதத்துக்கு ஒரு முறை இதே வேலையாகப் போய்வந்தார். அவள் கஷ்டப்பட்டு எழுதியதை அழிப்பதில் இந்த மனுஷனுக்கு என்ன சந்தோஷமோ என்று அம்மாவிடம் கோள் சொன்னேன். வெள்ளையடித்த சுவர்தான் அடுத்த பாடத்துக்குப் பலகை என்பது எனக்கு உறைக்கவில்லை.

ஊரில் அவருக்குத் 'தாடி' என்றே பெயர் ஆகிவிட்டது. சந்தைக்குப் போனால் சாமியாரே என்று கும்பிட்டுக் கேலி செய்வார்கள். இருபத்துமூன்று வயது ஆளுக்கு நெஞ்சுவரை தாடி. நானும் என் கூட்டாளிகளும் அதற்குப் பாட்டுக் கட்டியிருந்தோம். சாயங்காலம் கோயிலுக்கு விளக்குப் போட வரும்போது அந்த எருமைப் புத்தகத்தையும் கொண்டுவந்து என்னைப் படிக்கச் சொல்வார். எனக்கு வேண்டாவெறுப்புத்தான், ஆனால் பொரிகடலை கிடைக்கும். ஒவ்வொரு கதை முடிந்ததும் அவர் ஏதாவது கேட்பார். "அந்தப் பையன் பட்டணத்துக்குப் படிக்கப் போயிட்டான். அவுங்கூட்டு மாட்ட யாரு மேய்ச்சது?" புத்தகத்தில் அது இல்லை என்பேன். "அந்தத் தையக்காரர் மவ போன பொறவு பொத்தான் யாரு தெச்சது?" அதுவும் இல்லை என்பேன். "இதெல்லாம் எழுத மாட்டாங்களா?" என்பார். படிக்காத ஜனம் இப்படித்தான் கேட்கும் என்று நான் உள்ளுக்குள் சிரித்துக்கொள்வேன். அப்போது நான் நான்காம் வகுப்பு.

மூன்று வருஷமும் முடிந்தது. அக்கா தேறிவிட்டாள். இங்கிலீஷிலும்தான். தந்தி வந்ததுபோல ஊரே அந்தச் செய்தியைக் கேட்டுவிட்டு வந்து அவளைப் பார்த்துவிட்டுப் போனது. பூசாரி நாள் குறித்தார். எல்லம்மனுக்குப் பொங்கல் வைத்து, மாமாவுக்குத் தாடி மழித்து, அதே கையோடு முகூர்த்தத்துக்கு வெற்றிலை மாற்றிக்கொள்வதாக ஏற்பாடு. சவரக்காரர் கல்லில் கத்தியைத் தீட்டிக்கொண்டிருந்தார். அம்மா புதுப் புடவை கட்டியிருந்தாள். மாமா குளித்துவிட்டு வந்து மணைமேல் உட்கார்ந்தார். அன்று முகத்தில் இருந்த சிரிப்பைத் தாடியாலும் மறைக்க முடியவில்லை.

கத்தி பக்கத்தில் வந்ததும் அவர் கையைக் காட்டி நிறுத்தினார். எதிரில் நின்ற அக்காவைப் பார்த்தார். எனக்குத் தெரிந்து அவர் அவளை நேராகப் பார்த்தது அதுதான் முதல் தடவை.

"என்னா புள்ள, எடுக்கலாமா?" என்று கேட்டார்.

அம்மனைத்தான் இதுவரை எல்லோரும் கேட்டிருந்தார்கள். அக்காவை யாரும் கேட்டதில்லை. அவள் காலைப் பார்த்தபடி நின்றாள். பிறகு சன்னமாக, ஆனால் தெளிவாகச் சொன்னாள்: "சேலத்துல நர்சுப் படிப்பு இன்னும் மூணு வருசம் மாமா."

அம்மா வாயில் கையை வைத்தாள். அப்பா, "அடியே!" என்று ஓர் அடி முன்னால் வந்தார். மாமா அசையவில்லை. பிறகு சவரக்காரரிடம் திரும்பி, "கத்திய மடக்குண்ணா. ஆத்தாளுக்கு இன்னொரு மூணு வருசம் வேண்டிக்கினன்" என்றார்.

எழுந்து கிணற்றடிக்குப் போனார்.

ஆறாவது வருஷக் கடைசியில்தான் அவர்கள் கல்யாணம் நடந்தது. அக்கா அஞ்செட்டிப் பக்கம் மலைக் கிராமங்களில் நர்சாக வேலைக்குப் போனாள். பஸ் போகாத ஊர்களுக்கெல்லாம் மாமாதான் வண்டி கட்டி அவளை அழைத்துப் போனார். எத்தனையோ கட்டில்கள் பாதி வழியில் திரும்பாமல், தாயும் பிள்ளையுமாக வீடு சேர்ந்தன. அது எல்லோருக்கும் தெரிந்ததுதான்.

ஆனால் அந்தப் பதினோரு வயதில் எனக்கு என்ன தெரியும்? மாமா இன்னொரு முறை தப்பித்துக்கொண்டார் என்றே நினைத்தேன். என் கூட்டாளியின் காதில், "பாத்தியா, அவருக்கு எங்கக்காவப் புடிக்காது. எவ்ளோ சீக்கிரமா எந்திரிச்சிப் போறாரு பாரு" என்றேன். மாமா ஒரு வாளித் தண்ணீர் சேந்தி முகத்தில் அடித்துக்கொண்டார், இன்னொரு வாளி சேந்தினார். மூன்றாவது வாளியையும் ஊற்றிக்கொண்டு, எங்களுக்கு முதுகைக் காட்டியபடி துண்டில் முகத்தைப் புதைத்துக்கொண்டு வெகுநேரம் நின்றார். தாடிக்குள் தண்ணீர் புகுந்தால் சீக்கிரம் காயாது போலிருக்கிறது என்று நினைத்துக்கொண்டு, நான் பொங்கல் வாங்க ஓடினேன்.